கல்வியமைச்சர் தி. சு. அவினாசிலிங்கம் செட்டியார்: பதவிக் காலமும் பதவியைக் கடந்த பணிகளும்

தமிழ்க் கலைக்களஞ்சியத்தைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் அதன் முதன்மைப் பதிப்பாசிரியர் பெரியசாமித் தூரனைப் போற்றிவிட்டு, முயற்சிக்கு வித்திட்டவர் என்ற அளவில் தி. சு. அவினாசிலிங்கம் செட்டியாரை ஓரிரு தொடர்களில் குறிப்பிட்டு அமைவர். 1948ஆம் ஆண்டின் இந்தி எதிர்ப்புப் போராட்டத்தை எழுதுவோரோ அன்றைய அரசைக் குறிப்பிடுவரேயன்றி, கல்வித்துறையைக் கையில் வைத்திருந்த அமைச்சர் யார் என்பதில் அத்துணை அக்கறை காட்டுவதில்லை. இவ்விரு வரலாறுகளும் தனித்தனியே எழுதப்பெற்று வருவதால், தமிழில் முதல் பெருங்கலைக்களஞ்சியத்தைத் தொடங்கிவைத்தவரும், பள்ளிகளில் இந்தி கட்டாயமாக்கப்பட்டபோது கல்வியமைச்சராக இருந்தவரும் ஒருவரே என்னும் செய்தி போதிய கவனம் பெறவில்லை. அம்மனிதரின் வாழ்வையும் அமைச்சுப் பணியையும் ஒருசேர வைத்து நோக்குவது இக்கட்டுரையின் நோக்கமாகும். ஒப்புநோக்கிற்குத் துருக்கியின் கல்வியமைச்சர் ஹசன் அலி யூஜெலின் பணி எடுத்துக்கொள்ளப்பெறுகிறது.

இளமையும் வித்யாலயமும்

அவினாசிலிங்கம் 1903ஆம் ஆண்டு மே 5ஆம் நாள் திருப்பூரில் செல்வக் குடும்பமொன்றில் பிறந்தார். சென்னைப் பச்சையப்பன் கல்லூரியிலும் சட்டக் கல்லூரியிலும் பயின்றார். வழக்கறிஞர் தொழில் அவரை நெடுநாள் பிடித்து வைக்கவில்லை. காந்தியடிகளின் இயக்கமும் இராமகிருஷ்ணர், விவேகானந்தர் வழிவந்த தொண்டு நெறியும் அவரை ஈர்த்தன. திருமணம் செய்துகொள்ளாமல் வாழ்ந்த அவர், விடுதலைப் போராட்டத்தில் பலமுறை சிறை சென்றார். 1930இல் கோயம்புத்தூரில் இராமகிருஷ்ண வித்யாலயத்தை நிறுவினார். தாழ்த்தப்பட்ட சமூகத்தைச் சேர்ந்த ஒரே ஒரு மாணவரைக் கொண்டு அப்பள்ளி தொடங்கியதாக அந்நிறுவன வரலாறு கூறும். பின்னர் அது பெரியநாயக்கன்பாளையத்தில் நிலைபெற்று, ஆசிரியர் பயிற்சி, தொழிற்கல்வி, கிராமியக் கல்வி எனப் பல கிளைகளாக விரிந்தது.

1930களின் நடுவிலிருந்து பத்தாண்டுக் காலம் அவர் மத்திய சட்டசபை உறுப்பினராகவும் இருந்தார். தில்லியில் சட்டமன்ற அனுபவம், கோவையில் பள்ளி நடத்திய அனுபவம் ஆகிய இரண்டும் ஒருங்கே அமையப்பெற்றவராகவே அவர் 1946இல் அமைச்சரானார். ஒரு பள்ளிக்கு நாற்காலி வாங்குவது முதல் நன்கொடை திரட்டுவது வரை நேரில் செய்து பழகிய ஒருவர் கல்வியமைச்சராவது அன்றும் இன்றும் அடிக்கடி நிகழ்வதன்று. அவருடைய அமைச்சுப் பணியின் வலிமையும் குறையும் இப்பின்னணியிலிருந்தே பிறந்தன எனலாம்.

அமைச்சுப் பொறுப்பு

1946 ஏப்ரல் 30ஆம் நாள் த. பிரகாசம் தலைமையில் சென்னை மாகாணத்தில் அமைச்சரவை அமைந்தபோது அவினாசிலிங்கம் கல்வியமைச்சரானார். 1947 மார்ச்சில் அவ்வமைச்சரவை வீழ்ந்து ஓமந்தூர் பி. இராமசாமி ரெட்டியார் முதலமைச்சரானபோதும் கல்வித்துறை அவரிடமே தொடர்ந்தது. 1949 ஏப்ரலில் ஓமந்தூராரின் ஆட்சி முடிவுற்றதோடு அவருடைய அமைச்சுப் பொறுப்பும் முடிந்தது. ஆக, ஏறத்தாழ மூன்று ஆண்டுகளே அவருக்குக் கிடைத்தன. தமிழ், தெலுங்கு, மலையாளம், கன்னடம் ஆகிய நான்கு மொழி பேசுவோரும் அடங்கிய மாகாணம் அது என்பதை இங்கு மறத்தலாகாது. தமிழுக்கென ஒரு பணியை அரசின் நேரடிப் பணியாகச் செய்வது அன்றைய சூழலில் எளிதன்று. பிற மொழிப் பகுதியினர் ஒவ்வொரு செலவையும் தத்தம் மொழியோடு ஒப்பிட்டுக் கேள்வி எழுப்பக்கூடிய அவையில் அமர்ந்துகொண்டே அவர் பணியாற்ற வேண்டியிருந்தது.

அக்காலத்துப் பணிகளுள் தமிழறிஞர் கவனம் குறைவாகச் சென்றது நூலகச் சட்டமாகும். சென்னை நூலகச் சங்கம் 1928இல் தோன்றியது முதல் சீ. இரா. அரங்கநாதன் பொது நூலகங்களுக்குச் சட்டம் வேண்டும் என வலியுறுத்தி வந்தார். 1930களில் மேற்கொண்ட முயற்சி கைகூடவில்லை. அவினாசிலிங்கம் கல்வியமைச்சராக இருந்தபோதே 1948ஆம் ஆண்டின் சென்னைப் பொது நூலகச் சட்டம் நிறைவேறியது. விடுதலைக்குப்பின் இந்தியாவில் இயற்றப்பெற்ற முதல் நூலகச் சட்டம் இதுவே. அதற்கு முன் கோல்ஹாபூர் சமஸ்தானத்தில் 1945இல் ஒரு சட்டம் இருந்தது.

இச்சட்டத்தின் நுட்பம் அதன் நிதி அமைப்பில் உள்ளது. சொத்து வரியோடு சேர்த்து நூலக வரி வாங்கப்பெறும். மாவட்டந்தோறும் அமையும் நூலக ஆணைக்குழுவின் நிதியில் அது சேரும். சென்னை நகர் நீங்கலாக ஏனைய ஆணைக்குழுக்களுக்கு, திரட்டிய வரிக்குக் குறையாத தொகையை அரசும் வழங்கும். அமைச்சர் மாறினாலும், வரவு செலவுத் திட்டத்தில் நூலகத்துக்கு இடம் இருந்தாலும் இல்லாவிட்டாலும், வீட்டு வரி வாங்கப்பெறும் வரை நூலகத்திற்குப் பணம் வந்துகொண்டிருக்கும் என்பது இதன் பொருள். பின்னர் 1967இல் மகாராட்டிரம் இயற்றிய பொது நூலகச் சட்டம் இத்தகைய வரியை விதிக்கவில்லை. அங்கு நூலகங்கள் அரசு மானியத்தையே நம்பியிருக்கின்றன. தமிழ்நாட்டின் சிற்றூர்க் கிளை நூலகங்களில் படித்து எழுத்தாளரானோர் பலர். அவர்களுடைய வாழ்க்கைக் குறிப்புகளில் இச்சட்டத்தின் பெயரைக் காண்பது அரிது.

பாரதியார் படைப்புகளின் உரிமையை அரசு பெற்று 1949இல் நாட்டுடைமையாக்கியதும் இவ்வாட்சிக் காலத்தில்தான். அதன் வரலாறு வேறிடங்களில் விரிவாக ஆராயப்பெற்றுள்ளமையின் இங்கு விரிக்கப்படவில்லை.

இந்திக் கட்டாயம்

இனி, பாராட்டுரைகள் தவிர்த்துச் செல்லும் பகுதிக்கு வருவோம். 1948–49ஆம் கல்வியாண்டில் ஓமந்தூரார் அரசு பள்ளிகளில் இந்தியைக் கட்டாயப் பாடமாக்கியது. மேல்வகுப்புக்குச் செல்ல இந்தியில் குறைந்த அளவு மதிப்பெண் தேவை எனவும் வகுக்கப்பட்டது. பெரியார் தலைமையில் திராவிடர் கழகம் எதிர்ப்பைத் தொடங்கியது. 1948 சூலை 17ஆம் நாள் சென்னையில் கூடிய இந்தி எதிர்ப்பு மாநாடு பல கட்சியாரையும் ஒன்றுசேர்த்தது. முன்னர்த் தேசியத்தின்பால் நின்று இந்தியை ஏற்றிருந்த திரு.வி.க., ம.பொ.சி. போன்றோரும் இம்முறை எதிர்ப்பணியில் நின்றனர். ஆகஸ்டு 23ஆம் நாள் இராசாசி கவர்னர் ஜெனரலாகச் சென்னைக்கு வந்தபோது கறுப்புக்கொடி காட்டப்பட்டது. 27ஆம் நாள் பெரியாரும் அண்ணாவும் சிறைப்படுத்தப்பட்டனர். டிசம்பர் இறுதியில் உடன்பாடு ஏற்பட்டுப் போராட்டம் நிறுத்தப்பட்டது. 1950–51ஆம் கல்வியாண்டு முதல் இந்தி விருப்பப் பாடமாயிற்று. அதற்குள் அவினாசிலிங்கம் பதவியில் இல்லை.

இதனை மத்திய அரசின் வற்புறுத்தலுக்கு மாகாண அமைச்சர் பணிந்த செயல் என்று மட்டும் கொள்வது அவருக்குச் செய்யும் நீதியன்று; அவரைக் காப்பாற்றுவதற்கென்று சொல்லப்படும் வாதமாகவே அது நிற்கும். காந்திய வழிக் கல்வியாளர் பலருக்கு அன்று ஆங்கிலமே எதிர்நிலையில் நின்றது. கல்வி தாய்மொழியில் அமைய வேண்டும், நாட்டின் பொதுத் தொடர்புக்கு இந்துஸ்தானி வேண்டும் என்னும் இரண்டும் ஒரே திட்டத்தின் இரு கூறுகளாகவே அவர்களுக்குத் தோன்றின. தமிழ் பயிற்றுமொழியாக வேண்டும் என்பதில் அவினாசிலிங்கம் காட்டிய உறுதியும், இந்தியைப் பாடமாக்கியதில் அவர் கண்ட நியாயமும் அவர் மனத்தளவில் முரணின்றி உடன் இருந்திருத்தல் கூடும். ஆனால் ஒரு கொள்கை அமைச்சரின் உள்ளத்தில் முரணற்றதாக இருப்பது வேறு. மதிப்பெண் குறைந்தால் மேல்வகுப்பு இல்லை என்ற ஆணையாகச் சிற்றூர் மாணவனை வந்தடைவது வேறு. 1938இல் இராசாசி ஆட்சியில் நிகழ்ந்ததை அறிந்திருந்தும் பத்தே ஆண்டுகளில் அதே வழியில் சென்றதை அரசியல் கூர்மையின்மை என்றே மதிப்பிட வேண்டியுள்ளது. பள்ளி நடத்துபவர் தம் பள்ளியில் ஒன்றை விதியாக்குவது போல மாகாணம் முழுமைக்கும் ஒன்றை விதியாக்க முடியும் என்ற நம்பிக்கையும் இதில் இழையோடுகிறது. திரு.வி.க. போன்ற தமிழறிஞர்களையே எதிரணியில் நிறுத்திய செயல், தமிழுக்கெனப் பெரும்பணி ஒன்றை அப்போதுதான் தொடங்கியிருந்த அமைச்சருக்கு எவ்வகையிலும் உதவியதாகக் கூற இயலாது.

தமிழ் வளர்ச்சிக் கழகமும் கலைக்களஞ்சியமும்

1946இல் அமைச்சரான ஆண்டிலேயே அவினாசிலிங்கம் தமிழ் வளர்ச்சிக் கழகம் தோன்றுவதற்கு முன்னின்றார். அதன் தலைவரும் அவரே. ஆண்டுதோறும் தமிழ் விழா நடத்துவதும் நல்ல நூல்களுக்குப் பரிசு வழங்குவதும் கழகத்தின் பணிகளாயின. இந்தியா விடுதலை பெற்ற 1947ஆம் ஆண்டில் கலைக்களஞ்சியத் திட்டம் தொடங்கப்பெற்றது.

தமிழில் தொகுப்பு நூல் மரபு புதியதன்று. ஆ. சிங்காரவேலு முதலியாரின் அபிதான சிந்தாமணி 1910இல் வெளிவந்துவிட்டது. சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதி 1924 முதல் 1936 வரை வெளிவந்து, 1939இல் இணைப்பும் பெற்றது. முன்னது ஒரு தனிமனிதரின் அயரா உழைப்பு. பின்னது பல்கலைக்கழகம் மேற்கொண்ட பணி. அறிவியலும் வரலாறும் உலக இலக்கியமும் அடங்க, துறைதோறும் வல்லுநர்களைக் கொண்டு கட்டுரை எழுதுவித்துத் தொகுப்பது இவ்விரண்டினின்றும் வேறான முயற்சி. அதற்கு வேண்டிய பணம் அரசிடம் இருந்தது. வேண்டிய பொறுமை அரசிடம் இருக்குமா என்பது ஐயம். அவினாசிலிங்கம் செய்த தேர்வு கவனிக்கத்தக்கது. அவர் கலைக்களஞ்சியத்தைக் கல்வித்துறையின் ஒரு பிரிவாக அமைக்கவில்லை. அரசுதவி பெறும் ஒரு கழகத்தின் பணியாக அமைத்தார். பதிப்பாசிரியரையும் அரசு அலுவலரிடையே தேடாமல், தம் இராமகிருஷ்ண வித்யாலயத்தில் ஆசிரியராக இருந்த பெரியசாமித் தூரனையே அழைத்துக்கொண்டார்.

தூரன் அன்று கவிஞராகவும் இசைப்பாடலாசிரியராகவும் சிறுகதையாசிரியராகவும் அறியப்பட்டவர். பேராசிரியரோ அகராதி வல்லுநரோ அல்லர். தமக்கு வேண்டியவரை நியமித்தார் என்ற குற்றச்சாட்டுக்கு இடந்தரக்கூடிய நியமனம் இது. விளைவு அந்நியமனத்தைச் சரியென்று காட்டிவிட்டது. முதல் தொகுதி 1954இல் வெளிவந்தது. ஒன்பது தொகுதிகள் 1963க்குள் நிறைவெய்தின. இணைப்பாகப் பத்தாம் தொகுதி 1968இல் வெளிவந்தது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட அறிஞர் இதில் எழுதினர். தூரன் அத்துடன் ஓயாமல் குழந்தைகள் கலைக்களஞ்சியத்தையும் 1968 தொடங்கி 1976 வரை பத்துத் தொகுதிகளாக வெளிக்கொணர்ந்தார்.

பணி தொடங்கி ஏழாண்டுகள் வரை ஒரு தொகுதியும் வெளிவரவில்லை என்பதை இங்கு நினைவுகொள்ள வேண்டும். இதற்கிடையில் மாகாணம் முதலமைச்சர்கள் பலரைக் கண்டது. 1953இல் ஆந்திரம் பிரிந்தது. அமைச்சகத்தின் ஒரு பிரிவாக இருந்திருந்தால், காட்டுவதற்கு ஒரு நூலும் இன்றிச் செலவு மட்டும் செய்யும் அலுவலகம் இத்தனை மாற்றங்களையும் கடந்திருக்குமா என்பது ஐயத்துக்குரியது. அவினாசிலிங்கம் அமைச்சர் பதவியை விட்டபோதும் கழகத்தின் தலைமையை விடவில்லை. பதவியில் இருந்தபோது திறந்த வாயிலைப் பதவி நீங்கியபின் அடைபடாமல் காத்து நின்றதே அவருடைய உண்மையான பங்களிப்பு எனலாம். 1950களில் மக்களவையிலும் பின்னர் மாநிலங்களவையிலும் உறுப்பினராக இருந்தமை, நிதிக்காகத் தில்லியின் கதவுகளைத் தட்டுவதற்கும் துணைசெய்திருக்கும்.

துருக்கியில் ஒரு கல்வியமைச்சர்

இத்தேர்வின் பெறுமதியை அறிய, ஏறத்தாழ அதே காலத்தில் வேறொரு நாட்டில் இதனை ஒத்த பணிகளை மேற்கொண்ட ஓர் அமைச்சரை நோக்குவது பயன்தரும். ஹசன் அலி யூஜெல் 1897இல் இஸ்தான்புல்லில் பிறந்தவர், மெய்யியல் பயின்று ஆசிரியராகவும் கல்வி ஆய்வாளராகவும் பணியாற்றியவர், கவிஞரும் ஆவார். 1938 டிசம்பர் இறுதியில் துருக்கிக் குடியரசின் கல்வியமைச்சரான அவர், 1946 ஆகஸ்டு 5 வரை அப்பொறுப்பில் இருந்தார். அவினாசிலிங்கம் சென்னையில் பொறுப்பேற்றபோது யூஜெல் அங்காராவில் தம் பதவியின் கடைசி மாதங்களில் இருந்தார். இருவருக்கும் தொடர்பு இருந்ததாகக் கூறுவது இக்கட்டுரையின் கருத்தன்று. ஒத்த தேவைகள் ஒத்த முயற்சிகளைத் தோற்றுவித்தன என்பதே கருத்து.

யூஜெல் 1940இல் மொழிபெயர்ப்புக் குழு ஒன்றை அமைத்தார். கிரேக்கச் செவ்வியல் நூல்கள் முதல் பிரெஞ்சு, ருசியப் புதினங்கள் வரை நூற்றுக்கணக்கான நூல்கள் சில ஆண்டுகளுக்குள் துருக்கிய மொழிக்கு வந்தன. இசுலாமியக் கலைக்களஞ்சியம், பொதுக் கலைக்களஞ்சியம் ஆகிய இரண்டும் அவர் காலத்தில் தொடங்கப்பெற்றன. அரபு எழுத்து முறையிலிருந்து இலத்தீன் எழுத்து முறைக்கு 1928இல் மாறிய மொழி அது. பழைய நூல்களைப் புதிய தலைமுறை படிக்க இயலாத நிலையில், புதிய எழுத்தில் ஒரு நூலகத்தையே உருவாக்க வேண்டிய நெருக்கடி அங்கு இருந்தது. தமிழுக்கு அந்நெருக்கடி இல்லை. எழுத்தும் இலக்கியமும் அறுபடாமல் இருந்தன. புதிய அறிவுத்துறைகளே தமிழில் வரவேண்டியிருந்தன.

யூஜெலின் பெயரோடு பிரிக்க முடியாதவாறு இணைந்தவை சிற்றூர்க் கல்வி நிலையங்கள். 1940 ஏப்ரல் 17ஆம் நாள் சட்டத்தால் இவை உருவாயின. கல்வியாளர் இஸ்மாயில் ஹக்கி தோங்குச் இவற்றின் செயல்முறையை வகுத்தார். உழவர் வீட்டுப் பிள்ளைகளைச் சேர்த்து, பாடத்தோடு வேளாண்மையும் கட்டடத் தொழிலும் இசையும் கற்பித்து, ஆசிரியராக்கி மீண்டும் சிற்றூருக்கே அனுப்புவது திட்டம். மாணவர் தம் வகுப்பறைகளைத் தாமே கட்டினர். காந்தியடிகளின் ஆதாரக் கல்வியையும் பெரியநாயக்கன்பாளையத்தையும் அறிந்த தமிழ் வாசகருக்கு இது அயலாகத் தோன்றாது.

வேறுபாடு முடிவில் உள்ளது. துருக்கியில் இந்நிலையங்கள் முற்றும் அரசினுடையவை. 1946க்குப் பின் பல கட்சி ஆட்சிமுறை வந்தது. யூஜெல் பொதுவுடைமையாளருக்கு இடங்கொடுத்தவர் என்று தூற்றப்பட்டார். வழக்குமன்றம் வரை அச்சிக்கல் சென்றது. அவருக்குப் பின் வந்தோர் அந்நிலையங்களின் பாடமுறையைப் படிப்படியே மாற்றினர். 1954இல் அவை மூடப்பட்டுப் பொதுவான ஆசிரியர் பள்ளிகளாயின. தமிழ்க் கலைக்களஞ்சியத்தின் முதல் தொகுதி வெளிவந்ததும் அதே ஆண்டு. யூஜெல் 1961இல் காலமானார். அவர் தொடங்கிய பொதுக் கலைக்களஞ்சியம் அமைச்சகத்தின் கையிலேயே தொடர்ந்து, பெயர் மாறி, 33 தொகுதிகளாக 1984இல்தான் முற்றுப்பெற்றது. அரசின் பணி என்பதாலேயே அது சாகவில்லை. அரசின் பணி என்பதாலேயே நாற்பது ஆண்டுகள் எடுத்துக்கொண்டது என்று கூறினும் பிழையாகாது.

மராத்தியில் இதன் மறுமுனையைக் காணலாம். ஸ்ரீதர் வெங்கடேஷ் கேத்கர் 1920களில் புனேயிலிருந்து மகாராட்டிரீய ஞானகோசத்தை 23 தொகுதிகளாக வெளியிட்டார். அரசோ பல்கலைக்கழகமோ பின்னில்லை. பங்குதாரர் நிறுவனமும் முன்பணம் செலுத்திய வாசகருமே துணை. பின்னர் மகாராட்டிர அரசு தர்க்கதீர்த்த இலட்சுமண சாஸ்திரி ஜோஷியின் தலைமையில் வாயில் மராத்தி விசுவகோசப் பணியைத் தொடங்கியது. தனிமுயற்சி, அரசுப் பணி ஆகிய இரண்டையும் மராத்தி ஒன்றன்பின் ஒன்றாகக் கண்டது. தமிழில் அவினாசிலிங்கம் கண்ட வழி இரண்டுக்கும் இடைப்பட்டது.

கழக அமைப்பின் குறை

இவ்விடைப்பட்ட வழிக்கும் குறை உண்டு. கழகம் என்பது அதனை நடத்துவோரின் ஆயுளைப் பொறுத்தது. பத்தாம் தொகுதிக்குப் பின் கலைக்களஞ்சியம் முழுமையாகத் திருத்தி எழுதப்பெறவில்லை. ஒரு கலைக்களஞ்சியத்தின் முதல் பதிப்பு வெளிவரும் நாளே அதன் அறிவியற் கட்டுரைகள் பழையனவாகத் தொடங்கும் நாள். நிலையான பதிப்பகமும் நிலையான நிதியும் அமைத்துத் தொடர்ந்து திருத்துவதற்கு வழிசெய்யாமல் விட்டது அமைப்பின் குறையேயாம். நூலகச் சட்டத்தில் வரியைக் கொண்டு நிலைபேற்றுக்கு வழிகண்ட அதே அமைச்சர், கலைக்களஞ்சியத்திற்கு அத்தகைய ஏற்பாட்டைச் செய்யவில்லை. 1981இல் தோன்றிய தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகம், வாழ்வியற் களஞ்சியம், அறிவியல் களஞ்சியம் என இரண்டாகப் பகுத்துப் புதிதாகவே தொடங்க வேண்டியதாயிற்று.

அமைச்சுப் பதவிக்குப் பின் அவினாசிலிங்கம் பெரிதும் கோவைக் கல்வி நிறுவனங்களிலேயே தங்கிவிட்டார். 1957இல் மகளிருக்கான மனையியல் கல்லூரியைத் தொடங்கினார். இராஜம்மாள் தேவதாசின் பொறுப்பில் அது வளர்ந்து 1988இல் நிகர்நிலைப் பல்கலைக்கழகமாயிற்று. 1970இல் அவருக்குப் பத்மபூஷண் விருது வழங்கப்பெற்றது. 1991 நவம்பரில் காலமானார்.

கலைக்களஞ்சியத்தின் பத்துத் தொகுதிகளும் பின்னர் மின்னுருவாக்கம் பெற்றுத் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் நூலகத்தில் கிடைக்கின்றன. 1948ஆம் ஆண்டுச் சட்டத்தின் வரியால் நடக்கும் கிளை நூலகங்கள் மாநில எல்லையோடு நின்றுவிடுபவை. நிக்டி போன்ற புனேப் புறநகர்களில் வாழும் தமிழருக்கு அவை எட்டா. கழகத்தின் தொகுதிகளோ இன்று அவர்களுக்கும் எட்டுகின்றன, 1954இல் அச்சான அதே கட்டுரைகளோடு.